வியாழக்கிழமை வெளிச்சம்

கசார்வாடியில் வெளிச்சம் வியாழக்கிழமைகளில் மட்டும் ஒட்டியது.

மற்ற நாட்களிலும் அதே பசைதான், அதே கண்ணாடி இழைதான், மைக்ராஸ்கோப்புக்குப் பின்னால் அதே ருக்மிணிதான். ஆனாலும் திங்களன்று பத்துக்கு இரண்டு தேறும். செவ்வாயன்று மூன்று தேறிவிட்டால், பசை கலக்கிக் கொடுக்கும் சுஷ்மா, “காகு, பேடா வாங்கி வரட்டுமா?” என்று கேட்பாள். காகு என்றால் அவர்கள் பாஷையில் சித்தி. வியாழன் பிறந்துவிட்டாலோ பத்துக்குப் பத்து. ஒன்றுகூடப் பிசகாது. இரண்டாயிரத்து ஆறாம் வருஷம், மூன்று மாதமாக இப்படியே நடந்துகொண்டிருந்தது.

செய்த தொழிலைச் சொன்னால் அப்போது யாருக்கும் புரியாது. கோயம்புத்தூரில் இருந்த ருக்மிணியின் அண்ணன் சங்கரன் போன் செய்யும்போதெல்லாம், “மாப்பிள்ளை இன்னும் அந்த பல்பு கம்பெனிதான் நடத்தறாரா?” என்று கேட்பார். விளக்கிச் சொல்லி ஓய்ந்துபோய், “ஆமாம், பல்புதான்” என்று ருக்மிணி ஒப்புக்கொண்டுவிட்டாள்.

விஷயம் இதுதான். அமெரிக்காவில் ஆயிரக்கணக்கான கம்ப்யூட்டர்களை அடுக்கிவைத்த பெரிய பெரிய கொட்டகைகள் எழும்பிக்கொண்டிருந்தன. டேட்டா சென்டர் என்று பெயர். அந்தக் கம்ப்யூட்டர்கள் ஒன்றோடொன்று செம்புக் கம்பி வழியாகப் பேசின. பேச்சு அதிகமாக ஆகக் கம்பி சூடேறியது, மூச்சு வாங்கியது. கம்பி வேண்டாம், சிப்பின் வாசலிலேயே வெளிச்சத்தைக் கொண்டுவந்து கட்டிவிடலாம் என்று கலிபோர்னியாவில் ஒரு கம்பெனி கிளம்பியது. சுண்டுவிரல் நகம் அளவுக்கு ஒரு சிப். அதன் ஓரத்தில் வெளிச்சம் போய்வர ஒரு வாசல். வாசலின் அகலம் தலைமயிரின் தடிமனில் முப்பதில் ஒரு பங்கு. அதற்கு நேராக ஒரு கண்ணாடி இழையின் முனையைக் கொண்டுபோய் நிறுத்தி, ஒரு சொட்டுப் பசை வைத்து, ஊதா விளக்கை ஒன்றரை நிமிஷம் காட்டவேண்டும். பசை இறுகும். அந்த ஒன்றரை நிமிஷத்தில் இழை ஓர் அணுவளவு அசைந்தாலும் வெளிச்சம் வாசலைத் தவறவிட்டுச் சுவரில் முட்டிக்கொள்ளும். அனுப்பிய வெளிச்சத்தில் நூற்றுக்கு எழுபது பங்கு உள்ளே போனால் தேறியது, இல்லாவிட்டால் குப்பை.

இந்தக் காரியத்தைப் புனேயில் எடுத்துச் செய்தவர் ருக்மிணியின் கணவர் சூர்யநாராயணன். அரசாங்க ஆய்வுக்கூடம் ஒன்றில் இருபத்தாறு வருஷம் லேசரோடு குடித்தனம் நடத்திவிட்டு, விருப்ப ஓய்வு வாங்கிக்கொண்டு, கசார்வாடியில் ஒரு காளாவை வாடகைக்குப் பிடித்தார். ஒரே கூரையின் கீழ் வரிசையாகத் தடுத்துக் கட்டிய பட்டறை அறைகளில் ஒன்றை அங்கே காளா என்பார்கள். இழையைப் பிடித்து நிறுத்த டிப்ளமா படித்த மூன்று பையன்களை வைத்துப் பார்த்தார். மூவர் கையும் நடுங்கியது. ஒருநாள் அவருடைய மூக்குக்கண்ணாடியில் கழன்ற எள்ளளவு திருகை, ஒரு கையால் ரசத்தைக் கிளறிக்கொண்டே மறுகையில் காய் நறுக்கும் கத்தியின் முனையால் ருக்மிணி முடுக்கித் தந்தாள். சூர்யநாராயணன் கண்ணாடியை மாட்டிக்கொண்டு மனைவியைப் புதிதாகப் பார்த்தார். மறுநாளே அவளுக்கு வேலை கிடைத்துவிட்டது.

இப்போது அந்தக் கைகளுக்குத்தான் சோதனை. கலிபோர்னியாக் கம்பெனி இதே வேலையைப் பினாங்கில் இன்னொருவருக்கும் கொடுத்திருந்தது. இரண்டில் ஒருவரைத்தான் வைத்துக்கொள்ளும். வருகிற பத்தொன்பதாம் தேதி, திங்கட்கிழமை, அங்கிருந்து ஓர் ஆள் வருகிறார், அவர் கண்ணெதிரே ஆறு சிப் ஒட்டவேண்டும், ஐந்து தேறவேண்டும். தேறாவிட்டால் மைக்ராஸ்கோப், மேஜை, மீட்டர் எல்லாம் பெட்டி கட்டித் திருப்பி அனுப்பிவிட்டு, மூன்று பேரும் அவரவர் வீட்டுக் கதவைச் சாத்திக்கொள்ள வேண்டியதுதான். “வியாழக்கிழமை வரச் சொல்லுங்களேன்” என்று ருக்மிணி கேட்டாள். அந்த ஆளுக்குப் புதனன்று பினாங்குக்கு டிக்கெட்.

சூர்யநாராயணன் சும்மா இருக்கிறவர் இல்லை. வியாழக்கிழமைக்கும் மற்ற நாட்களுக்கும் என்னென்ன வித்தியாசம் என்று ஒரு பட்டியல் போட்டார். வியாழன் அந்த வட்டாரத்துக்கு மின்சாரம் நிறுத்தும் நாள். வேலை பேட்டரியில் நடக்கும். ஆகவே ஒரு செவ்வாயன்று வேண்டுமென்றே பேட்டரியில் ஓட்டிப் பார்த்தார். பத்துக்கு இரண்டு. வியாழனன்று சுஷ்மா தான் கும்பிடும் தத்தகுருவுக்காக மஞ்சள் உடுத்திவருவாள். “அறிவியல்ல எதையும் கேவலமா நினைக்கப்படாது” என்று சொல்லி, ஒரு திங்களன்று அவளை மஞ்சள் உடுத்தச் சொன்னார். பத்துக்கு ஒன்று. கடைசியில் பட்டியலில் மிஞ்சியது ஒன்றே ஒன்று. வியாழன் ருக்மிணிக்கு ராகவேந்திர சுவாமி விரதம். அன்று அவள் பால் மட்டும்தான் குடிப்பாள்.

“காபி!” என்றார் சூர்யநாராயணன்.

“என்ன காபி?”

“நீ காலம்பற ரெண்டு டம்ளர் குடிக்கறயோன்னோ? அதான் கை நடுங்கறது. வியாழக்கிழமை குடிக்கறதில்லை, நடுங்கறதில்லை. கண்ணாடி மாதிரி தெரியறதே!”

“என் கை நடுங்கறதா? நீங்க பார்த்தேளா?”

“கண்ணுக்குத் தெரியாத நடுக்கம் ருக்கு. மைக்ரான் நடுக்கம்.”

“கும்பகோணத்துல பொறந்தவ நான். முப்பத்தஞ்சு வருஷமா குடிக்கறேன். இன்னிக்குத்தான் நடுங்கறதாக்கும்?”

“பத்தே பத்து நாள். எனக்காக இல்லை, டேட்டாவுக்காக.”

டேட்டாவுக்காக ருக்மிணி காபியை விட்டாள். முதல் நாள் தலைவலி. இரண்டாம் நாள் சுஷ்மாவிடம் எரிந்து விழுந்தாள். மூன்றாம் நாள் மீட்டரில் முப்பத்தெட்டு வந்தபோது மீட்டரையே முறைத்தாள். சூர்யநாராயணன் தன் நீள நோட்டில், தேதி, சிப் எண், மீட்டர் அளவு எல்லாவற்றுக்கும் கடைசியில் இருந்த ‘குறிப்பு’ என்ற கட்டத்தில், “காபி: இல்லை. மனநிலை: மோசம்” என்று எழுதிவைத்தார். அவர் அந்தக் கட்டத்தை ஒருநாளும் காலியாக விட்டதில்லை.

எட்டாம் நாள் ருக்மிணி பக்கத்துக் காளாவுக்குப் போனாள்.

அது ஜெபமணியின் பட்டறை. நாசரேத்துக்காரர், புனேக்கு வந்து இருபது வருஷம். முப்பது டன் பவர் பிரஸ் ஒன்றை வைத்துக்கொண்டு ஸ்கூட்டர் சைலன்சருக்கான பட்டிகளை அடித்துக் கொடுத்துக்கொண்டிருந்தார். தம், தம் என்று காலையிலிருந்து மாலைவரை. மூன்று வருஷமாகக் கேட்டுக்கேட்டு, ருக்மிணிக்கு அது சத்தமாகவே தோன்றியதில்லை. அவள் போனது சத்தத்துக்காக இல்லை. அவருடைய கண்ணாடித் தடுப்பு அறையிலிருந்து ஒவ்வொரு நாளும் பதினொரு மணிக்குக் காபி வாசனை வரும்.

“வாங்க மாமி. என்ன, முகமே சரியில்லியே?” என்றார் ஜெபமணி.

“ஒண்ணுமில்லை. சும்மாத்தான்.”

“சும்மா வந்தா சும்மா போகக் கூடாது. காப்பி குடிக்கியளா? எங்க மதினி ஊருல இருந்து பொடி அனுப்பிருக்கா.”

ருக்மிணி மூன்று விநாடி யோசித்தாள். அது மரியாதைக்காக. பிறகு வாங்கிக் குடித்தாள். மறுநாளும் போனாள். இந்த இரண்டாம் நாள்தான் டம்ளரை வாயருகே கொண்டுபோனவள் அப்படியே நின்றுவிட்டாள். ஏதோ ஒன்று மாறியிருந்தது. என்னவென்று தெரியவில்லை. உட்கார்ந்திருந்த இரும்பு நாற்காலி, கால் ஊன்றிய தரை, சாய்ந்திருந்த சுவர் எல்லாம் திடீரென்று மூச்சைப் பிடித்துக்கொண்டதுபோல் இருந்தன. வியாழக்கிழமை போல் இருந்தது.

“என்ன ஆச்சு, ஜெபமணி சார்?”

“என்ன ஆச்சுன்னா?”

“என்னமோ நின்னுபோச்சே.”

“பிரஸ்ஸா? அச்சு மாத்துதான் நம்ம மிஷின்காரன் பவார். அரை மணி நேரம் ஆகும்.”

ருக்மிணி சுவரில் உள்ளங்கையை வைத்துப் பார்த்தாள். அந்தச் சுவருக்கு அந்தப் பக்கம்தான் அவளுடைய மேஜை. “வியாழக்கிழமை உங்க பிரஸ் ஓடாதே?”

“கரண்டு இல்லாம எப்படி மாமி ஓடும்? நானும் ஆளுங்களும் லீவுல்லா?”

ருக்மிணி டம்ளரைக் கீழே வைத்தாள். பாதிக் காபி மீந்திருந்தது. அவள் வாழ்க்கையில் அப்படி நடந்தது அதுதான் முதல் தடவை.

வாசல்வரை ஓடிவந்தவள் அங்கேயே நின்றாள். இதைக் கணவரிடம் சொல்ல வேண்டுமானால், அங்கே எதற்குப் போனாள் என்பதையும் சொல்லியாக வேண்டும். வேறு காரணம் ஏதாவது கிடைக்குமா என்று யோசித்துப் பார்த்தாள். சைலன்சர் பட்டியின்மேல் அவளுக்குத் திடீர் அக்கறை பிறந்ததாக யாரும் நம்பமாட்டார்கள்.

“ஏன்னா, ஒண்ணு சொல்றேன். கோச்சுக்கப்படாது.”

“சொல்லு.”

“நான் காபி குடிச்சேன்.”

சூர்யநாராயணனின் பேனா நின்றது. “எப்போ?”

“இன்னிக்கு. நேத்திக்கு.”

“எத்தனை மில்லி?”

“அளந்தா குடிச்சேன்? டம்ளர்ல குடிச்சேன்.”

“ஐயோ ருக்கு! என் கிராஃப் என்னத்துக்கு ஆகும்? ஒன்பது நாள் டேட்டா!”

“உங்க கிராஃபைக் கொண்டுபோய் அடுப்புல போடுங்கோ. கோளாறு கையில இல்லை, சுவர்ல! பக்கத்துல பிரஸ் ஒவ்வொரு தடவை விழறபோதும் சுவர் ஆடறது, தரை ஆடறது, நம்ம மேஜை ஆடறது. வியாழக்கிழமை பிரஸ் கிடையாது. அவ்வளவுதான்.”

“மேஜை ஆடாது,” என்றார் சூர்யநாராயணன் பெருமையாக. “அந்த மேஜைக்கு நாலு காலும் காத்துமேல மிதக்கறது. பூகம்பம் வந்தாலும் ஆடாது. அதனாலதான் நான் பிரஸ்ஸைப் பட்டியல்லயே சேர்க்கலை.” பிறகு அவருடைய குரல் லேசாக இறங்கியது. “நாலு கால்னு சொல்றது… இப்போதைக்கு மூணு கால்.”

“என்னது?”

மார்ச் மாதத்தில் ஒரு காலின் காற்றுப்பை ஓட்டையாகிவிட்டது. மாற்றுப்பை அமெரிக்காவிலிருந்து வரவேண்டும். வரும் வரும் என்று சொல்லிக்கொண்டிருந்தார்கள். அதுவரைக்கும் சமாளிக்கட்டும் என்று தன்னுடைய பழைய பஜாஜ் ஸ்கூட்டரின் டியூபை எட்டாக மடித்து அந்தக் காலுக்கு அடியில் சொருகிவைத்திருந்தார். பூகம்பத்துக்கே ஆடாத மேஜை அந்த ஒரு டியூபின் புண்ணியத்தில் மூன்று மாதமாகத் தம் தம் என்று ஜெபமணிக்குத் தாளம் போட்டுக்கொண்டிருந்தது.

ருக்மிணி நேரே போய்க் காபிக்குப் பாலைக் காய்ச்சினாள்.

அன்றைக்குச் சனிக்கிழமை, திங்களுக்கு இடையில் ஒரே நாள். மாற்றுப்பை வராது. மேஜையை வேறிடத்துக்குத் தூக்கிப்போகவும் முடியாது, எண்ணூறு கிலோ. இரண்டு பேரும் ஜெபமணியிடம் போனார்கள்.

“ரெண்டு மணி நேரம் பிரஸ்ஸை நிறுத்தணும், அவ்வளவுதானே?” என்றார் ஜெபமணி. “என் கையில இருந்தா நிறுத்திருவேன் சார். ஆனா எல்லாரும் பீஸ் ரேட்டு. எத்தனை பட்டி அடிக்கானோ அத்தனைக்குத்தான் சம்பளம். காலைல ரெண்டு மணி நேரம் சும்மா இருன்னா பவார் என்னையப் பிரஸ்ஸுல வச்சு அடிச்சிருவான்.”

“நாங்க ஏதாவது குடுத்து…”

“அவன் வாங்க மாட்டான் சார். ரோஷக்காரன். சும்மா இருந்து வாங்குன காசு ஒட்டாதும்பான்.” ஜெபமணி பெருமூச்சு விட்டார். “அவனுங்களா விரும்பி நிறுத்துறதுன்னா ஒண்ணே ஒண்ணுதான். மூணு வருஷமா கேட்டுக்கிட்டு இருக்கானுங்க. இந்த வரிசையில எல்லாப் பட்டறையிலும் சத்யநாராயண பூஜை போடுதாங்க, நம்ம பட்டறையில மட்டும் இல்லை, அதான் மிஷின் அடிக்கடி கோளாறு பண்ணுதுன்னு. நான் சர்ச்சுல கமிட்டியில இருக்கேன். எங்க பாஸ்டருக்குத் தெரிஞ்சா என்ன நினைப்பாருன்னு தள்ளிப் போட்டுக்கிட்டே வாரேன்.”

ருக்மிணி நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

“பூஜைக்கு மிஷினை நிறுத்துவாளா?”

“மிஷினைக் கழுவி, பொட்டு வச்சு, மாலை போட்டுல்லா நிறுத்துவானுங்க!”

“அப்போ திங்கட்கிழமை போட்டுடுவோம். நீங்க உட்காரவேண்டாம். பவாரும் அவர் ஆத்துக்காரியும் மணையில உட்காரட்டும். சாமானெல்லாம் நான் பார்த்துக்கறேன். உங்க பாஸ்டர் கேட்டா, பக்கத்துக் காளா மாமி பண்ணினான்னு சொல்லிடுங்கோ.”

ஜெபமணி தலையைச் சொறிந்தார். “அது பொய்யும் இல்லியே.”

பூஜை செய்துவைக்கும் குருஜியைப் பிடிக்க ருக்மிணி போபோடிக்குப் போனாள். சிவப்பு ஸ்கூட்டரும் இடுப்பில் செல்போனுமாக இருந்த இளவயதுக்காரர். திங்களன்று அவருக்கு வேறு இரண்டு பூஜைகளும் இருந்தன. “கவலைப்படாதீர்கள், இருபத்தைந்து நிமிஷத்தில் முடித்துவிடுவேன்” என்று மராத்தியில் சொன்னார்.

“முடிக்கவேண்டாம்” என்றாள் ருக்மிணி. “ஐந்து அத்தியாயமும் முழுக் கதை வேண்டும். அர்த்தத்தோடு, நிதானமாக. குறைந்தது ஒன்றேமுக்கால் மணி நேரம்.”

குருஜி அவளை உற்றுப் பார்த்தார். அவர் கண் லேசாகக் கலங்கியது. “பன்னிரண்டு வருஷமாகக் கதை சொல்கிறேன் தாயே. எல்லோரும் கடிகாரத்தைத்தான் பார்க்கிறார்கள். முழுக் கதை வேண்டும் என்று கேட்ட முதல் ஆள் நீங்கள்தான்.” மற்ற இரண்டு பூஜைகளையும் அங்கேயே நின்று போன் செய்து தம்பிக்குத் தள்ளிவிட்டார்.

திங்களன்று காலை பத்தேமுக்காலுக்குப் பிரஸ் நின்றது. வாழைக்கன்று கட்டி, மிஷினுக்குச் செவ்வந்தி மாலை போட்டிருந்தார்கள். பவார் புதுத் தொப்பியோடும், அவருடைய மனைவி மூக்கில் நத்தும் கையில் பச்சை வளையலுமாகவும் மணையில் உட்கார்ந்தார்கள். எல்லாம் சொன்னபடி நடந்தது. வரவேண்டிய ஆள்தான் வரவில்லை. சாலை நெரிசலில் மாட்டிக்கொண்டு, பதினொன்று இருபதுக்குத்தான் வந்துசேர்ந்தான். முப்பது வயதுகூட இருக்காது. பெயர் ஷ்ரேயஸ். கலிபோர்னியாவில் வளர்ந்த தமிழ்ப் பையன்.

“வணக்கம் ஆன்ட்டி. சாரி, மேடம். நான் லேட். பக்கத்துல என்ன… கல்யாணமா?”

“பூஜை” என்றாள் ருக்மிணி. “உட்காரலாமா?”

உட்கார்ந்துவிட்டால் அவளுக்கு வேறெதுவும் தெரியாது. முதல் சிப், எழுபத்தாறு. குருஜி சுவருக்கு அந்தப் பக்கம் ஏழை பிராமணனாகக் குரல் கொடுத்துக்கொண்டிருந்தார். இரண்டாவது, எழுபத்தொன்று. குருஜி இப்போது விறகுவெட்டி. மூன்றாவது எண்பது வந்தபோது சூர்யநாராயணன் பென்சிலைக் கடித்தார். நான்காவதை ஒட்டும் நேரத்தில் வியாபாரியின் கப்பல் கரை சேர்ந்துவிட்டது. கேட்டவர்களுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. கைதட்டலும் ஜெயகோஷமுமாக, யாரோ ஒருவர் இரும்புத் தகட்டில் ஸ்பானரால் தாளமும் போட்டார். மீட்டரில் நாற்பத்தொன்று.

“ஒண்ணு போச்சு” என்றார் சூர்யநாராயணன் மெல்ல. இனி ஒன்றுகூடப் போகக்கூடாது.

ஐந்தாவது, எழுபத்துநான்கு. ஷ்ரேயஸ் பக்கத்தில் என்ன நடக்கிறதென்று எட்டிப் பார்க்கப் போய், இலைத் தொன்னையில் சூடான ஷீராவோடு, அதாவது ரவைக் கேசரியோடு, திரும்பிவந்தான். “செம்ம டேஸ்ட், ஆன்ட்டி. ரெண்டாவது வாங்கினேன்.”

ஷீரா வந்துவிட்டதென்றால் பிரசாதம் பட்டுவாடா ஆகிறது. பட்டுவாடா முடிந்தால் பவார் சுவிட்சில் கை வைத்துவிடுவார். இரண்டு மணி நேரத்துப் பட்டிகளை அவர் இனி அடித்துத் தீர்க்கவேண்டும். ஆறாவது சிப் ருக்மிணியின் எதிரே இருந்தது. இழையை வாசலுக்கு நேராகக் கொண்டுவந்தாயிற்று. பசை வைக்க வேண்டும். இன்னும் நாலு நிமிஷமாவது வேண்டும். கண்ணை மைக்ராஸ்கோப்பிலிருந்து எடுக்காமலே சொன்னாள்:

“சுஷ்மா, ஓடு. காகுவுக்கு இன்னும் பிரசாதம் வரலைன்னு பவார் காதுல விழற மாதிரி சொல்லு.”

சுஷ்மாவுக்குச் சட்டென்று புரிந்துவிட்டது. அவளும் காலையிலிருந்து கதை கேட்டுக்கொண்டுதான் இருந்தாள். பிரசாதம் வாங்காமல் புருஷனைப் பார்க்க ஓடிய கலாவதியின் கதையை, அவள் புருஷன் படகோடு தண்ணீரில் மறைந்துபோன கதையை, குருஜி அப்போதுதான் அழுது அழுது சொல்லி முடித்திருந்தார். பன்னிரண்டு வருஷத்துக் கதையையும் சேர்த்துச் சொன்னதுபோல் இருந்தது. பவாரின் மனைவி இன்னும் மூக்கைச் சிந்திக்கொண்டிருந்தாள்.

“அந்தத் தாய்க்குத் தராமல் மிஷினைத் தொடாதீர்கள்!” என்று அவள் போட்ட சத்தம் இங்கே கேட்டது. “இவ்வளவும் செய்தது யார்?”

அடுத்த விநாடி ஜெபமணி தொன்னையோடு வாசலில் நின்றார்.

“மாமி, பிரசாதம்.”

“ரெண்டு கையும் வேலையில இருக்கு” என்றாள் ருக்மிணி. பசைச் சொட்டு இழையின் நுனியில் இறங்கியது.

“வாயில போடச் சொல்லட்டா?”

“தானே கை நீட்டி வாங்கணும். அப்படித்தான் சாஸ்திரம்.” அப்படி ஒரு சாஸ்திரம் எங்கேயும் இல்லை. ஊதா விளக்கு எரிந்தது. தொண்ணூறு விநாடி.

“மாமி, பவார் சுவிட்சுல கை வச்சுக்கிட்டு நிக்கான். அவன் பொண்டாட்டி அவன் கையைப் பிடிச்சுக்கிட்டு நிக்கா. நான் ரெண்டு பேருக்கும் நடுவுல…”

“அறுபது” என்றார் சூர்யநாராயணன்.

“எங்க பாஸ்டர் மட்டும் இப்ப இந்த வழியா வந்தாருன்னா, ஷீராவோட நிக்க என்னைப் பாத்து…”

“நாப்பது.”

“ரோட்டுல ஒரு அங்கி தெரியுதே! ஆண்டவரே! …இல்ல, பால்காரன்.”

“இருபது.”

விளக்கு அணைந்தது. மீட்டரின் முள் ஏறி, யோசித்து, எழுபத்துமூன்றில் நின்றது. ருக்மிணி எழுந்துபோய், இரண்டு கைகளையும் நீட்டித் தொன்னையை வாங்கி, கண்ணில் ஒற்றிக்கொண்டு, ஒரு வாய் போட்டுக்கொண்டாள். விழுங்கி முடிப்பதற்குள் சுவர் அதிர்ந்தது: தம்.

ஆறுக்கு ஐந்து. ஷ்ரேயஸ் சூர்யநாராயணனின் கையைக் குலுக்கினான். கம்பெனியின் தாள்களைப் பையிலிருந்து எடுத்தான். எல்லாம் முடிந்தது என்று ருக்மிணி நினைத்தபோது, கணவர் நோட்டைத் திறந்து ஏதோ எழுதுவதைப் பார்த்தாள். அவளுக்கு எட்டிப் பார்க்காமலே தெரிந்துவிட்டது.

“ஏன்னா” என்றாள் பல்லைக் கடித்துக்கொண்டு. “அதையும் எழுதணுமா?”

“குறிப்புன்னு ஒரு கட்டம் இருக்கே ருக்கு.”

“இன்னிக்கு ஒருநாள் காலியா விடுங்கோளேன்.”

“காலியா விட்டா பொய்ன்னா ஆயிடும்?”

ஷ்ரேயஸ் நோட்டை வாங்கிப் படித்தான். பக்கத்துப் பிரஸ் நிறுத்தம்: பத்து நாற்பத்தைந்து முதல் பன்னிரண்டு ஐம்பது வரை. காரணம்: சத்யநாராயண பூஜை. இரண்டு தடவை படித்தான். பிறகு முந்தின பக்கங்களைப் புரட்டினான். மஞ்சள் உடை. பேட்டரி. காபி: இல்லை. காபி: உண்டு, மறைத்தது.

“ஆன்ட்டி, இந்தப் பூஜை… எனக்காகவா?”

“உனக்காக இல்லப்பா. பிரஸ்ஸுக்காக” என்றாள் ருக்மிணி. இனி மறைத்துப் பயனில்லை. டியூப் முதல் ஷீரா வரை எல்லாவற்றையும் சொன்னாள். சொல்லி முடிக்கும்போது அவளுக்கே சிரிப்பு வந்துவிட்டது, அடக்கிக்கொண்டாள். இனி அவன் எழுந்து வாசலைப் பார்த்துப் போய்விடுவான் என்று நினைத்தாள்.

ஷ்ரேயஸ் தாள்களைத் திரும்பப் பைக்குள் வைத்தான். “இப்போ ஒண்ணு ஒட்டுங்க. பிரஸ் ஓடட்டும்.”

ஒட்டினாள். முப்பத்தாறு.

“கையை எடுத்துட்டு, சும்மா இழையை மட்டும் நிறுத்தினா?”

யாரும் தொடாமலே மீட்டரின் முள் பிரஸ்ஸோடு சேர்ந்து குதித்தது. ஷ்ரேயஸ் கீழே குனிந்து, மேஜையின் நாலாவது காலுக்கடியில் இருந்த ஸ்கூட்டர் டியூபைப் போட்டோ எடுத்துக்கொண்டான். நிமிர்ந்தபோது அவன் முகம் ஒருமாதிரியாக இருந்தது.

“பினாங்குல இருந்து போன மாசம் ரிப்போர்ட் வந்தது. நூத்துக்குத் தொண்ணூத்தெட்டு சிப் தேறியிருக்கு. குறிப்புக் கட்டம் எல்லாம் காலி. ஏன் வருதுன்னு கேட்டா அவங்களுக்குத் தெரியலை. ஏன் வரலைன்னு உங்களுக்குத் தெரியுது.” கொஞ்சம் யோசித்தான். “இன்னிக்கு சைன் பண்ண முடியாது, அங்கிள். மூணு மாசம் தரேன். பினாங்குக்கும் அதே மூணு மாசம். நாலு காலும் காத்துல நிக்கணும். அமைதியான இடமா பாருங்க. சாமான் இங்கேயே இருக்கட்டும்.”

அவன் போனபின் சூர்யநாராயணன் நெடுநேரம் நோட்டை மூடவில்லை. கடைசியில் இன்னும் ஒரு வரி எழுதி, அவள் பக்கம் திருப்பி வைத்தார். ‘ருக்மிணியின் கைகளில் பிழை இல்லை. இருந்ததும் இல்லை.’

அதற்கு மேல் அவருக்கு மன்னிப்புக் கேட்கத் தெரியாது. கல்யாணமான நாளிலிருந்து தெரியாது. அவர் எழுதித் தீர்த்த நோட்டுகள் பதினொன்றும் இன்றைக்கும் ருக்மிணியிடம் இருக்கின்றன. இந்த ஒரு பக்கத்தை மட்டும் அவள் தேடிப் புரட்ட வேண்டியதில்லை, தானாகவே திறந்துகொள்ளும்.

“இருந்ததும் இல்லைன்னு தனியா எழுதுவானேன்?” என்று அன்றைக்கு அவள் கேட்டாள்.

“பழைய டேட்டாவையும் திருத்தணுமோல்லியோ.”

மாற்றுப்பை ஒருவழியாக ஆகஸ்டில் வந்தது. இடம்தான் அமையவில்லை. புனே முழுவதும் ஏதாவது ஒன்று ஆடிக்கொண்டிருந்தது. முதலில் பார்த்த இடத்துக்குப் பின்னால் ரயில். இரண்டாவதின் மாடியில் நடனப் பள்ளி. மூன்றாவது கச்சிதமாக இருந்தது. அரை மணி நேரம் சுவரில் கை வைத்திருந்த ருக்மிணி மட்டும், “எங்கேயோ மாவு மில் ஓடறது” என்றாள். புரோக்கர் அடித்துப் பேசினார். நாலு வீடு தள்ளி மில் இருந்தது.

கோந்த்வாவில் ஆறாவது இடம். புதிதாகக் கட்டிய வரிசை, பாறைமேல் அஸ்திவாரம். புரோக்கருக்கு இதற்குள் விஷயம் எட்டியிருந்தது: மதராஸி அம்மா ஒருத்தி, சுவரைத் தொட்டே இடத்தின் குணத்தைச் சொல்லிவிடுகிறாளாம். ருக்மிணி வெறும் தரையில் உட்கார்ந்து, இரண்டு உள்ளங்கைகளையும் சுவரில் பதித்து, கண்ணை மூடிக்கொண்டாள்.

“வாஸ்துவா, சார்?” என்று புரோக்கர் இந்தியில் கிசுகிசுத்தார்.

“அதைவிடக் கண்டிப்பு” என்றார் சூர்யநாராயணன்.

புரோக்கர் ஓசைப்படாமல் செருப்பைக் கழற்றி வாசலுக்கு வெளியே விட்டார். செல்போனையும் அணைத்தார். கொஞ்ச நேரம் கழித்து, எதற்கும் இருக்கட்டும் என்று கையையும் கூப்பிக்கொண்டார். வெளியே ஒரு லாரி வந்தது, நின்றது, போயிற்று. ருக்மிணியின் கைகள் அசையவில்லை. அரை மணி ஆனபின் கண்ணைத் திறந்து, சுண்ணாம்பைத் தட்டிக்கொண்டு எழுந்தாள்.

“மேஜையை இங்கே போடலாம்” என்றாள்.